தம்பி நின்ற இடம்

எங்கள் கூடத்துச் சுவரில், ரோமப் பேரரசர் குடும்பச் சிற்பத்தைப் போல நாங்கள் எல்லோரும் கல்லில் நிற்கிறோம். ஆத்தா யாரை அதிகம் பார்க்கிறாளோ, அவரைச் சுவர் தானாகவே பெரிதாக்கி அவளருகே நகர்த்தும்.

அவளுக்குத் தினமும் சோறு ஊட்டுவது நான். கல்லில் அவள் தோளணைத்து நிற்பதோ, டொரான்டோவிலிருக்கும் தம்பி வள்ளியப்பனை!

ரோமாபுரியில் ஒரு பேரரசன் தன் தம்பியைச் சிற்பத்திலிருந்தே வெட்டியெடுத்தானாம். நானும் சுவரிடம் சொன்னேன்: "வள்ளியப்பன எடுத்துடு."

காலையில் அவன் நின்ற இடத்தில் வெறும் குழி. ஆத்தாவின் கல் கை அந்தரத்தில் நின்றது.

ஆத்தா சக்கர நாற்காலியை அங்கேயே நிறுத்தச் சொன்னாள். "இங்கதானேப்பா ஒன் தம்பி நின்னான்?"

பகல் முழுக்க அவள் கண் குழியைவிட்டு நகரவில்லை.

மாலைக்குள் குழி ஆளுயரம் வளர்ந்திருந்தது. அதன் ஓரத்தில், என் கல்லுருவத்தில் காது மட்டும் மிச்சமிருந்தது.