பையன் வீட்டுக்கு நடக்கிறான்

"அந்தம்மாவக் கீழயே உக்கார வை. படம் முடியட்டும்" என்றார் முதலாளி ஹன்ராட்டி.

பாவி மனுஷன். மகன் நெல்ஸ் பிரான்ஸ் சண்டையில் செத்துப்போன சேதியோடு, எங்கள் ஸ்டுடியோவில் கார்ட்டூன் வரைகிற குஸ்தாவின் மனைவி ஹில்டா படிக்கட்டடியில் உட்கார்ந்திருக்கிறாள். இவருக்கு நாளைக்கு நியூயார்க் தியேட்டர்களில் கார்ட்டூன் ஓடியாக வேண்டும்.

நானும் அவளிடம், "இதோ வந்துருவாரும்மா" என்று சொல்லிவிட்டு மேலே வந்து, வரைந்த தாள்களைப் படம்பிடிக்கிற என் கேமராவிடம் நின்றேன். பிள்ளைகுட்டிக்காரன். வேலை போனால் எங்கே போவேன்?

குஸ்தாவ் வரைந்துகொண்டிருந்தார்.

ஞாயிற்றுக்கிழமைப் பேப்பர் படக்கதையில் வருகிற அந்தச் சேட்டைக்காரப் பையன், பக்கத்து வீட்டுக் கண்ணாடியை உடைத்துவிட்டு வீட்டுக்கு நடக்கிறான். வாசலில் அப்பா பெல்ட்டோடு நிற்கிறார். அவ்வளவுதான் காட்சி. ஆனால் தோளை ஒரு பக்கம் சாய்த்து, காலைத் தேய்த்துத் தேய்த்துப் போகிற அந்த நடை, நெல்ஸின் நடை. ஸ்டுடியோவில் எல்லோருக்கும் தெரியும்.

நடைக்காக எங்கள் தொழிலில் யாரும் மாய்ந்து மாய்ந்து வரைவதில்லை. வலது கால், இடது கால் என்று ஒரு கட்டுத் தாள் போதும். அதையே திரும்பத் திரும்ப வைத்துப் படம்பிடித்தால் பையன் சிகாகோ வரைக்கும் நடப்பான்.

இன்றைக்கு என்னடாவென்றால், இவர் ஒவ்வோர் அடிக்கும் புதுத்தாள் எடுக்கிறார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இவர் முடித்தால்தானே அவளை மேலே விடுவார்கள்.

"யோவ் பெரியவரே, பழைய தாளையே வச்சு ஓட்டிரலாம்யா. எதுக்குக் கெடந்து சாகுறே?"

சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

அவர் தலையைத் தூக்கவில்லை. இன்னொரு வெள்ளைத் தாளை எடுத்துப் பலகையில் மாட்டினார்.

"ஹில்டா இன்னும் கீழயா இருக்கா?"

நான் குனிந்து கேமரா லென்ஸைத் துடைத்தேன்.

"அவ வர்றத ஜன்னல் வழியாப் பாத்தேன். இத்தன வருஷத்துல ஒரு நாள் இந்தப் பக்கம் வந்தவ இல்ல."

தாளில் பையன் வாசலை நெருங்கிவிட்டிருந்தான்.

"கொஞ்சம் இருக்கச் சொல்லுப்பா. இவன் வீட்டுக்குப் போய்ட்டான்னா எல்லாம் முடிஞ்சுபோச்சு."

பென்சிலைச் சீவிக்கொண்டார். பையனின் அடுத்த காலடியைப் பாதியாகக் குறைத்து வரைந்தார்.