ஒன்பதாவது மாடிக் கதவு

“கோபம் வரணும்டி, கோபம்! பஸ் டைம் சொல்ற மாதிரி சொல்றியே. நூத்தி நாப்பத்தாறு பேர் செத்திருக்காங்க!”

உமாராணி சோபாவில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். எதிரே மகள் சம்யுக்தா, இஸ்திரி போட்ட பட்டுப் பாவாடையில், ஒப்புக்குச் சப்பாணியாக நின்றுகொண்டிருந்தாள். தோஹா தமிழர்களின் மே தினப் பேச்சுப் போட்டி சாயங்காலம். போன வருஷம் ஜெயபாரதியின் மகன் ஆதித்யா கோப்பையைத் தட்டிக்கொண்டு போய்விட்டான். சம்யுக்தாவுக்கு மனப்பாடம் பிரமாதம், உணர்ச்சிதான் இல்லை என்று நடுவர் மைக்கிலேயே சொல்லிவிட்டார். அந்த ஒரு வார்த்தை உமாராணியை வருஷம் பூராவும் அரித்துக்கொண்டிருந்தது. இந்தத் தடவையும் கோட்டை விட்டால் ஜெயபாரதி முகத்தில் எப்படி விழிப்பது?

“மறுபடி சொல்லு. நியூயார்க்லேர்ந்து.”

“நியூயார்க் நகரம். ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினொன்றாம் ஆண்டு. பெண்களுக்கான சட்டை தைக்கும் தொழிற்சாலை. திடீரென்று தீ. ஒன்பதாவது மாடியில் இருந்த பெண்கள் கதவைத் தள்ளினார்கள். கதவு பூட்டியிருந்தது...”

“நிறுத்து. ஏன் பூட்டினானாம்?”

“வேலை பார்க்கறவங்க துணியைத் திருடிட்டுப் போயிடக் கூடாதுன்னு.”

“ஒரு முழத் துணிக்கு! படுபாவிங்க! அதுங்க எல்லாம் பொழைக்க வந்த பொண்ணுங்கடி. கடல் தாண்டி வந்ததுங்க. பாஷை தெரியாது, கேட்க நாதி கிடையாது. அந்தத் தைரியம்தானே பூட்டச் சொல்லுது?”

சொல்லும்போதே உமாராணிக்குக் கண் கலங்கிவிட்டது. நடிப்பில்லை. கம்ப்யூட்டரில் அந்தப் படங்களைப் பார்த்த அன்றைக்கு அவளுக்குச் சோறே இறங்கவில்லை.

செய்தித்தாளுக்குப் பின்னாலிருந்து கணவன் பாஸ்கர் கேட்டான். “அந்த முதலாளிங்களுக்கு என்ன தண்டனை?”

“விட்டுட்டாங்கப்பா. பூட்டியிருந்தது அவங்களுக்குத் தெரியும்னு ப்ரூவ் பண்ண முடியலையாம். ரெண்டு வருஷம் கழிச்சு அதுல ஒருத்தர் வேற ஃபேக்டரியிலயும் பூட்டினார். இருபது டாலர் ஃபைன்.”

“இருபது டாலரா? அட கேடுகெட்டவனே! அவனை உள்ளே வெச்சுப் பூட்டியிருக்கணும். அப்பத் தெரிஞ்சிருக்கும்!” என்று கொதித்தாள் உமாராணி.

காபி வந்தது. உமாராணி ஒரு வாய் குடித்தாள். சர்க்கரை தூக்கல். முகத்தைச் சுளித்தபடி டம்ளரை நகர்த்தி வைத்தாள்.

“அம்மா, எனக்கு ஒரு டவுட். அவங்க நிஜமாவே கெட்டவங்களா? அவங்க வீட்ல பிள்ளைங்களுக்கு நல்லவங்களாத்தானே இருந்திருப்பாங்க?”

“மேடையில இதையெல்லாம் சொல்லித் தொலைக்காதே! ஆளை உள்ளே வெச்சுப் பூட்டறவன் எவனா இருந்தாலும் கெட்டவன்தான். இதுல என்ன டவுட்டு?”

சம்யுக்தா அம்மாவை ஒரு மாதிரி பார்த்தாள். பிறகு தலையாட்டினாள்.

கிளம்பும்போது கடைசியாக வந்தவள் அவள்தான். லிஃப்ட் வந்த பிறகும் நின்ற இடத்திலேயே நின்று வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“என்னடி, பேச்சு மறந்துபோச்சா?”

“இல்லம்மா.”

ஆசிய விளையாட்டுப் போட்டி வருகிறது என்று ஊர் முழுக்க ரோட்டைத் தோண்டிப் போட்டிருந்தார்கள். நஜ்மா ஏரியாவைத் தாண்டுவதற்குள் பாஸ்கருக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது. பின் சீட்டிலிருந்து சம்யுக்தா மெல்லக் கேட்டாள்.

“கோபம் எப்படிம்மா வரும்?”

“தானா வரும்டி. யாரோ எவரோன்னு நினைக்காதே. நம்ம வீட்டுப் பொண்ணு ஒருத்தி உள்ளே மாட்டிக்கிட்டிருக்கான்னு நினைச்சுக்கோ. வருதா இல்லையா பாரு.”

சம்யுக்தா திரும்பிப் பின் கண்ணாடி வழியாக வந்த வழியையே பார்த்தாள்.

அரங்கத்தில் நல்ல கூட்டம். ஆதித்யா முதலிலேயே பேசி, கைத்தட்டல் வாங்கிக்கொண்டு இறங்கிவிட்டான். பக்கத்து நாற்காலியில் ஜெயபாரதிக்குப் பெருமை தாங்கவில்லை.

“உங்க பொண்ணும் நல்லாத்தான் பேசுவா. கொஞ்சம் உணர்ச்சிதான்...” என்று இழுத்தாள். உமாராணி பல்லைக் கடித்துக்கொண்டு சிரித்து வைத்தாள்.

சம்யுக்தா மேடையேறினாள். நியூயார்க் நகரம், ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினொன்று. அதே பஸ் டைம் குரல்! போச்சு, இந்த வருஷமும் போச்சு என்று உமாராணி தலையில் கை வைத்துக்கொண்டாள்.

“பெண்கள் கதவைத் தள்ளினார்கள். கதவு பூட்டியிருந்தது.”

அங்கே நின்றுவிட்டாள். உமாராணி கீழேயிருந்து உதட்டை அசைத்து அசைத்து அடுத்த வரியை எடுத்துக்கொடுத்தாள். மகள் அதைக் கவனித்ததாகவே தெரியவில்லை. அவள் உதடு துடித்தது. கண்ணில் நீர் முட்டியது.

“கதவு பூட்டியிருந்தது!” என்று கத்தினாள். அரங்கமே அடங்கிப்போனது. “ஏன் பூட்டினார்கள்? திருடிவிடுவார்களாம்! ஓடிவிடுவார்களாம்! பிழைக்க வந்தவர்கள்தானே, கேட்க யார் இருக்கிறார்கள் என்ற தைரியம்!”

உமாராணிக்கு மயிர்க்கூச்செறிந்தது. “வந்துடுச்சுங்க! கோபம் வந்துடுச்சு!” என்று பாஸ்கரின் கையைப் பிடித்துக்கொண்டாள். ஜெயபாரதி வாய் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தாள். நடுவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

“ஆளை உள்ளே வைத்துப் பூட்டுகிறவர் யாராக இருந்தாலும் கெட்டவர்தான். இதை இன்றைக்கு எனக்குச் சொல்லிக்கொடுத்தது என் அம்மா.”

கைத்தட்டல் கிளம்பியது. உமாராணி பூரித்துப்போய்ப் பாதி எழுந்தேவிட்டாள். சம்யுக்தா கையை உயர்த்தி அதை நிறுத்தினாள்.

“எங்க வீட்ல வேலை பார்க்கறதுக்கு ஊர்லேர்ந்து கூட்டிட்டு வந்த ராக்கம்மா அக்கா இப்போ மூணாவது மாடியில உள்ளே இருக்காங்க; வெளியில பூட்டின சாவி, அதோ, எங்க அம்மா கைப்பையில இருக்கு!”