கண்ணாடியில் கடைசி வரி

கண் பரிசோதகர் கதிரவேலுவின் அறை சிறியது. அதனால் இடம்வலம் மாற்றி அச்சிட்ட எழுத்து அட்டையை, வந்தவர் உட்காரும் கதிரைக்குப் பின்னால் தொங்கவிட்டு, எதிர்ச்சுவரில் மாட்டிய முகம்பார்க்கும் கண்ணாடியில் வாசிக்க வைப்பார்.

அன்று, பள்ளியில் படிப்பித்து ஓய்வுபெற்ற பியாட்றிஸ் ரீச்சரை மகள் தேவகுமாரி கூட்டிவந்திருந்தாள். போர்க்காலத்தில் கிளாலிக் கடலேரியில் வள்ளம் ஏறிப் போய்த் திரும்பாத கணவர் தினமும் வீட்டு வாசல் படலையடியில் நிற்கிறார் என்று ரீச்சர் சொல்லிவந்தார். கண் மங்கிவிட்டது என்பது மகளின் முடிவு.

ரீச்சர் மகளிடம் சொல்லியிருந்தார்: "கண்ணிலை பிழையெண்டால் கொக்குவிலுக்கு உன்ரை வீட்டுக்கு வாறன். இல்லையெண்டால் என்ரை வீட்டிலைதான் இருப்பன்."

ரீச்சர் ஒரு கண்ணைப் பொத்திக்கொண்டு மளமளவென்று வாசித்தார். கடைசி வரியின் நடுவில் நின்றார்.

"எழுத்து மங்கலோ?" என்றார் கதிரவேலு.

"இல்லை. அவர் தோளாலை மறைக்கிறார்." தலையைத் திருப்பாமலே சொன்னார்: "இஞ்சாருங்கோ, கொஞ்சம் விலகுங்கோ."

பிறகு மிச்ச எழுத்துகளையும் பிழையின்றி வாசித்தார். மற்றக் கண்ணாலும் அப்படியே.

கதிரவேலு அட்டையைப் பார்த்தார். அங்கே ஒருவரும் இல்லை.

"கண் வலு திறம், ரீச்சர். ஒரு பிழையும் இல்லை."

ரீச்சர் குடையை எடுத்துக்கொண்டு வெளியே நடந்தார். கதவைத் திறந்து பிடித்திருந்த தேவகுமாரி உடனே சாத்தவில்லை. இன்னொருவர் கடந்து போக எடுக்கும் நேரம்வரை ஒதுங்கி நின்றாள்.