நேரலைக்கு முன்

காலையில் தின்ற இரண்டு இட்லிக்குப் பிறகு ஒன்றும் உள்ளே போகவில்லை. தணிகாசலம் டி.வி. ஸ்டுடியோவில் விவாதத்துக்கு வந்து உட்கார்ந்திருந்தார். முன்பு அமைச்சருக்கு ஆலோசகர். ஆட்சி போனதும் குவாரி முதலாளிகளுக்குத் தலைமைச் செயலகத்தில் காரியம் முடித்துக் கொடுக்கிற வேலை. டி.வி.யில் மட்டும் 'அரசியல் விமர்சகர்' என்று போடுவார்கள்.

எதிர் நாற்காலியில் பவுனம்மா. அவள் புருஷன் கோதண்டம் குவாரி வெடியில் செத்தவன். ரோட்டில் லாரி மோதித்தான் செத்தான் என்று சொல்ல முதலாளிகள் இவரை அனுப்பியிருந்தார்கள். மைக்கைப் புடவையில் மாட்டத் தெரியாமல் அவள் தடுமாற, பழக்கத்தில் இவரே எழுந்துபோய் மாட்டிவிட்டார்.

"நல்லாகீறீங்களா அண்ணே? வெடி வெடிச்ச அன்னிக்கு அமைச்சரு காரவுட்டே எறங்கல. நீங்கதான் குவாரிக்குள்ள வந்து, எங்கூட்டுக்காரர் காலப் புடிச்சித் தூக்குனீங்க."

"மெதுவா பேசும்மா. இங்க சார்னு கூப்பிடு. மைக் ஆன்ல இருக்கு."

"இருக்கட்டுமே. குவாரியிலதான் செத்தாருன்னு கோர்ட்ல வந்து சொல்றேன்னீங்க. அப்ப அண்ணேன்னு கூப்புடச் சொன்னீங்க, இப்ப சார்னு கூப்புடணுமா?"

கட்டுப்பாட்டு அறைக் கண்ணாடிக்குப் பின்னால் பேசிக்கொண்டிருந்தவர்கள் பேச்சை நிறுத்தினார்கள். நெறியாளர் காதுக்கருவியை அழுத்திக் கேட்டுவிட்டு நிமிர்ந்தார். கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது.

"உங்ககிட்டருந்தே ஆரம்பிக்கலாம் சார். கோதண்டம் செத்தது குவாரியிலயா, ரோட்டுலயா?"

தணிகாசலம் ஒரு வாய் தண்ணீர் குடித்தார். பவுனம்மா அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். கோதண்டத்தின் சாவுக்கு அவர் சொல்லவேண்டிய சாட்சி இன்னும் பாக்கியிருந்தது.