டீச்சர் சொல்லாத காட்சி

போரில் அண்ணனைப் பறிகொடுத்த கதையை டீச்சர் அழுதழுது சொல்ல, அவரிடம் படித்த டைரக்டர் அதைப் பழிவாங்கும் படமாக எடுத்துவிட்டான். படம் வெளியான அன்று முதல் காட்சிக்கு டீச்சரைத் தன் பக்கத்திலேயே உட்கார வைத்தான்.

திரையில் ராணுவ அதிகாரி, அண்ணனைச் சுடுவதற்கு முன் கைக்கடிகாரத்தைக் கழற்றிப் பைக்குள் போட்டான். டீச்சருக்குத் தூக்கிவாரிப் போட்டது.

“இது உனக்கு எப்படித் தெரியும்? கட்டிலுக்கடியில ஒளிஞ்சிருந்து நான் மட்டும் பார்த்தது. உன்கிட்டகூட சொல்லலையே!”

“ராணுவக் காட்சிக்கு ஆலோசகர் வெச்சிருந்தோம் டீச்சர். கடிகாரத்துல ரத்தம் தெறிக்கக் கூடாதாம். அவர்தான் சொன்னார்.”

“யாரு?”

டைரக்டர் முன்வரிசையைக் காட்டினான். ஒரு நரைத்த தலை திரும்பியது. மறக்கக்கூடிய முகமா அது?

“அடப்பாவி! என் அண்ணனைக் கொன்னவனே இவன்தான்டா!”

“தெரிஞ்சுதான் கூப்பிட்டேன் டீச்சர். காட்சி தத்ரூபமா வர வேண்டாமா?”