மாப்பிள்ளையின் நிறம்

சகாயமேரி தன்னைத் தானே எடுத்துக்கொண்ட படங்கள் மொத்தம் பன்னிரண்டு. பன்னிரண்டிலும் அப்பாவின் கல்யாணக் கோட்டும் டையும் மாட்டி, கண்மையால் மீசை வரைந்து, மாப்பிள்ளையாக நிற்கிறாள். கண்காட்சிக்கு ஆறடி உயரத்தில் அச்சடிக்கக் கொடுத்திருந்தாள். அச்சுக்கடையில் முதல் படத்தை விரித்ததும் அவளுக்குச் சுருக்கென்றது. கோட்டு இருந்தது, மீசை இருந்தது. முகம் மட்டும் யாரோ ஒரு கோதுமை நிறத்துக்காரியுடையது.

"முகத்தை என்ன செஞ்சீங்க அண்ணாச்சி?"

கடைக்காரர் பொன்னையாவுக்குப் பெருமை தாங்கவில்லை. "கொஞ்சம் வெளுப்பு ஏத்தினேம்மா. கல்யாண ஆல்பம் எல்லாத்துக்கும் செய்றதுதான். வாய்விட்டுக் கேக்க கூச்சப்படுவீங்கன்னு நானே செஞ்சிட்டேன். மீசையில கையே வைக்கல."

அவள் நாற்காலியை இழுத்து அவர் பக்கத்திலேயே போட்டு உட்கார்ந்தாள். "ஏத்தினதை எல்லாம் இறக்குங்க."

"இருட்டாத் தெரியும்மா."

"தெரியட்டும்."

அவர் வேண்டாவெறுப்பாக இறக்க இறக்க, திரையில் அவளுடைய நெற்றி வந்தது, கன்னம் வந்தது, கழுத்து வந்தது. அச்சு ஓடத் தொடங்கியது. மூக்கு வரை வந்த இயந்திரம் கீச்சிட்டு நின்றது. பொன்னையா மூடியைத் திறந்து பார்த்தார். மறுபடியும் பார்த்தார்.

"கறுப்பு தீந்துபோச்சு. இந்தப் பதினஞ்சு வருஷத்துல மத்த கலர்தாம்மா முதல்ல தீரும்."

"போய் வாங்கிட்டு வாங்க அண்ணாச்சி." அவள் நாற்காலியை விட்டு எழவில்லை. "நாலஞ்சா வாங்குங்க. இன்னும் பதினோரு மாப்பிள்ளை நிக்காங்க."