மூக்கைத் திறக்கும் வேர்

"அந்தக் கெழங்கைப் புடுங்கிக் கொண்டாறியா, இல்ல கடையை வெலைக்குக் கேட்ட கன்னியப்பனை வரச்சொல்லிக் குடுத்துடட்டுமா?"

ஆதிலட்சுமி கடை வாசலில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தபடி கேட்டாள். ரெட்டியார்பாளையத்தில் மீன்குழம்புச் சாப்பாட்டுக்குப் பெயர்போன கடை. இப்போது மதியம் ஒரு மணிக்குக்கூடப் பாதி பெஞ்சு காலி.

அவள் கணவர் அம்மாவாசை கையில் தண்ணீர்க் குடத்தோடு மாடிப்படியில் நின்றார்.

"இன்னும் கொஞ்ச நாள் போவட்டும் ஆதி. வேர் பருக்கணும்."

"போன தையில வெச்சது. அடுத்த தையும் வந்துடுச்சி. எல எம்மாம் பெருசு இருக்குன்னு தெனம் கையை விரிச்சி விரிச்சிக் காட்டுற. என் முட்டி நல்லா இருந்தா நானே ஏறிப் பாத்திருப்பேன்."

ஆதிலட்சுமி எந்தக் குழம்பையும் நாக்கில் வைத்துப் பார்த்தவள் இல்லை. மூடியைத் திறந்து ஆவியை ஒரு இழுப்பு இழுப்பாள். உப்பு குறைவா, புளி பச்சையா, மீன் நேற்றையதா என்று அந்த இழுப்பிலேயே சொல்லிவிடுவாள். ஒரு காய்ச்சலில் அந்த மூக்கு போனது. வேண்டாம் வேண்டாம் என்று அவள் தடுத்தும் காலாப்பட்டில் ஒரு கல்யாணத்துக்குப் போய், காய்ச்சலை வீட்டுக்குக் கொண்டுவந்தவர் அம்மாவாசை.

டாக்டர்கள் கைவிரித்துவிட்டார்கள். அப்போதுதான் பிரான்சிலிருந்து வந்த அவள் சின்னம்மா மகன் நெடுமாறன் விரல் நீளத்தில் சில வேர்த்துண்டுகளைக் கொடுத்தான். "பிரெஞ்சுல இதுக்குப் பேரு ரைஃபோர், அக்கா. வளந்தப்புறம் துருவி மோந்து பாருங்க, கடுகு காரமெல்லாம் கிட்ட நிக்காது. அடைச்ச மூக்கு தொறந்துக்கும். தரையில வெச்சா தோட்டம் பூரா பரவிடும், வாளியில வைங்க."

அம்மாவாசை மொட்டைமாடியில் பெயிண்ட் வாளிகளின் அடியில் துளை போட்டு, மணலும் மாட்டெருவும் கலந்து நிரப்பி, மேலே பச்சை வலை கட்டினார். அவர் வேலை பார்த்த மில் மூடியபோது இரண்டு பெண்களையும் படிக்கவைத்துக் கட்டிக்கொடுத்தது இந்தக் கடைதான். அது கைமாறுவதை அவரால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

"நேத்து என்னா நடந்துச்சி தெரியுமா?" என்றாள் ஆதிலட்சுமி. "நம்ம பொண்ணு பூவிழி புருஷன் சாப்புட வந்தான். குழம்பை ஒரு வாய் வெச்சான். அப்பறம் மோரை ஊத்தித் தின்னுட்டு எழுந்துட்டான். சங்கரா மீனு கெட்டுப்போயிருக்கு, எனக்குத் தெரியல. அந்தப் புள்ள வாயத் தொறந்து ஒரு வார்த்த சொல்லல. திட்டியிருந்தாக்கூடத் தேவல."

அம்மாவாசை குடத்தைப் படியில் வைத்தார். "எல்லாம் என்னாலதான்."

"ஆரம்பிச்சிட்டியா?"

"அன்னிக்கு உன் பேச்சைக் கேட்டிருந்தா..."

"கேட்டிருந்தா உன் பிரியாணி போயிருக்கும். இதையே சொல்லிச் சொல்லி ராத்திரி நீயும் தூங்குறதில்ல, என்னையும் தூங்க வுடறதில்ல."

"நாளைக்கு அமாவாசை. கடை லீவு. நாளைக்குப் புடுங்கிடறேன்."

"உன் பேருக்கேத்த நாளாப் பாத்தியா? சரி. வாசன வந்தா கடை நம்முளுது. வரலன்னா கன்னியப்பனுது."

மறுநாள் காலை, தோல் சீவிய வெள்ளைத் துண்டுகளோடும் துருவியோடும் அவள் எதிரே உட்கார்ந்தார் அம்மாவாசை. துருவத் துருவத் தட்டில் பூவாக உதிர்ந்தது.

"கிட்ட வா."

ஆதிலட்சுமி குனிந்தாள். கண்ணை மூடிக்கொண்டு நீளமாக ஒரு இழுப்பு இழுத்தாள்.

"எதுனா தெரியுதா?"

"இரு." மறுபடி இழுத்தாள்.

"தெரியலன்னா தெரியலன்னு சொல்லிடு ஆதி. நான் ஒண்ணும் நெனச்சிக்க மாட்டேன்."

அவள் கண்ணைத் திறந்து அவர் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு சட்டென்று தலையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள். கண்ணில் நீர் தளும்பி நின்றது.

"யப்பா, என்னா காரம்யா இது. உச்சந்தல வரைக்கும் சுர்ருனு ஏறுது."

"நெசமாவா?"

"என் கண்ணைப் பாரு. கடுகு அரைச்ச வாசன அப்படியே தூக்குது. மூக்கு வந்துடுச்சிய்யா. இனிமே அந்தக் கல்யாணப் பேச்சை எடுத்தன்னா, இந்தத் துருவியாலயே ஒண்ணு போடுவேன். புரியுதா?"

அவர் துருவியைக் கீழே வைத்தார். பிறகு மெதுவாகக் கேட்டார். "அப்ப கடை?"

"கன்னியப்பனே நடத்தட்டும். காலம்பூரா நெருப்பு முன்னாடி நின்னாச்சி. இனிமே எவனாவது ஆக்கிப்போட்டா உக்காந்து தின்னலாம்னு இருக்கு."

முந்தானையால் கண்ணை ஒற்றிக்கொண்டே அவள் உள்ளே போய்விட்டாள்.

அம்மாவாசை தட்டை விட்டுக் கண்ணை எடுக்காமல் அப்படியே உட்கார்ந்திருந்தார். நெடுமாறன் கொடுத்த வேர்கள் போன சித்திரை வெயிலிலேயே கருகிப் போய்விட்டன; தட்டில் கிடந்தது, விடிந்ததும் பெரிய மார்க்கெட்டுக்குப் போய் அவர் வாங்கிவந்த சாம்பார் முள்ளங்கி.